பியூலாவின் இணை வாசகர்

வந்த புத்தகம் எல்லாமே பாசியைப் பற்றியதாக இருந்திருந்தால் கிங்ஸ்லி கவலைப்பட்டிருக்க மாட்டான். மனைவிக்குத் திடீரென்று பாசியின் மேல் ஆசை வந்திருக்கிறது, கொஞ்ச நாளில் போய்விடும் என்று விட்டிருப்பான்.

முதலில் வந்தது பாறையிலும் ஈரச் சுவரிலும் படரும் பாசிகளைப் பற்றிய புத்தகம். அடுத்தது, பூட்டுத் திறப்பதையே தொழிலாகக் கொண்ட ஒருவரின் தன்வரலாறு. அதற்கடுத்தது ஒரு பேய்க்கதை. இப்போது சாப்பாட்டு மேசையில் ஊறுகாய் பாட்டிலுக்குப் பக்கத்தில் கிடந்தது, கிணறுகளுக்காக நடந்த பழைய வழக்குகளின் தீர்ப்புத் தொகுப்பு.

இந்த நாலுக்கும் ஒன்றோடொன்று எந்தச் சம்பந்தமும் இல்லை. ஆனால் பியூலா நாலையும் ஒரே மாதிரிப் படித்தாள். ஒரு கையில் தோசைக்கரண்டி, மறு கையில் புத்தகம், கல்லில் தோசை கருகுவது மூக்குக்கு எட்டாமல். சம்பந்தமில்லாத நாலு பொருளை ஒரு பெண்ணுக்கு இத்தனை பொருத்தமாக எடுத்துக் கொடுக்க வேண்டுமென்றால், அதற்குப் பின்னால் ஓர் ஆள் இருக்க வேண்டும். அவளை நன்றாகத் தெரிந்த ஆள்.

அவள் இப்போது சிரித்துக்கொண்டிருந்தாள். நீதிமன்றத் தீர்ப்பைப் படித்துச் சிரிக்கும் மனுஷியை கிங்ஸ்லி இதுவரை பார்த்ததில்லை.

"என்ன சிரிப்பு?"

"ஒண்ணுமில்ல. கிணறு யாருக்குச் சொந்தம்னு நீதிபதி நேர்ல பாக்கப் போயிருக்காரு. போன இடத்துல அவருக்குத் தாகம். ரெண்டு கட்சிக்காரனும் செம்புல தண்ணி கொண்டாந்து நீட்டுதான். யாரு செம்பை வாங்குறதுன்னு தெரியாம மனுஷன் குடிக்காமலே திரும்பி வந்துட்டாரு. தீர்ப்புலயே எழுதியிருக்காரு."

"இதுல சிரிக்க என்ன இருக்கு?"

"உங்களுக்கு வராது, விடுங்க" என்று சொல்லிவிட்டு அவள் பக்கத்தைத் திருப்பினாள்.

கல்யாணமான நாளிலிருந்து அவளுக்குப் புத்தகம் எடுத்துக் கொடுத்தது அவன்தான். சரியாகச் சொன்னால், அதற்கும் முன்பிருந்தே. நிச்சயதார்த்தத்தன்று வீட்டார் எல்லோரும் சேலைத் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தபோது, கடற்போர்களைப் பற்றிய தடித்த வரலாற்றுப் புத்தகத்தை வண்ணத்தாளில் சுற்றி அவள் கையில் கொடுத்தவன் அவன். திருமணத்துக்குள் அவள் அதை முடித்துவிட்டு, மூழ்கிய கப்பல்களின் பெயர்களை வரிசையாகச் சொன்னாள். இவள் நம்ம ஆள் என்று அன்றைக்கே அவனுக்குத் தீர்மானமாகிவிட்டது. அதன்பிறகு எந்த ஊரில் புத்தகக் கண்காட்சி நடந்தாலும் இரண்டு பை நிறைய வாங்கிவருவான். கோட்டைகள், படையெடுப்புகள், வீழ்ந்த அரசுகள். ஒன்று விடாமல் அவள் முடித்தாள். ஞாயிறு ஆராதனை முடிந்து சர்ச் வாசலில் நின்று பேசும் நண்பர்களிடம், "பியூலா படிக்கதெல்லாம் நம்ம செலக்‌ஷன்தான்" என்று சொல்லும்போது அவன் குரலே கொஞ்சம் நிமிர்ந்து நிற்கும். தூத்துக்குடித் துறைமுகத்தில் பிறர் சரக்குக்குச் சுங்க அனுமதி வாங்கித் தருகிற கிளியரிங் ஏஜென்ட் அவன். பிறர் பெட்டியைப் பற்றிப் பெருமைப்பட முடியாது. இது ஒன்றுதான் அவனுடையது.

நூலகங்களில் இணை வாசகர் திட்டம் வந்தபோது இருவரும் சேர்ந்துதான் போய்ப் பதிந்தார்கள். ஆளுக்கொரு மோதிரம் கொடுத்தார்கள். வெள்ளைநிறத்தில், மெல்லிசாக, கடுகளவு விளக்கு ஒன்று பதித்தது. படிக்கும்போது மட்டும் போட்டுக்கொண்டால் போதும். இணை கிடைக்கும்வரை விளக்கு மஞ்சளாக இருக்கும், கிடைத்ததும் பச்சையாகும். பியூலாவுடையது ஒரு மாதத்துக்குள் பச்சையாகிவிட்டது. கிங்ஸ்லியுடையது மழைக்காலம் போய், பனிக்காலமும் போய், இன்னும் மஞ்சளாகவே மினுங்கிக்கொண்டிருந்தது.

கடற்கரைச் சாலை நூலகத்தின் நூலகர் ரகுமத் நிஷாவிடம் ஒருநாள் மதியம் அவன் போய் நின்றான். அந்த அம்மாளுக்கு அவனைப் பல வருடமாகத் தெரியும்.

"இது எப்படிம்மா வேலை செய்யுது? பாசி, பூட்டு, பேயி, கோர்ட்டு. ஒரு ஒழுங்கு வேண்டாமா?"

"சார் ஒரு புத்தகம் படிக்கீங்க. எல்லா வரியையும் ஒரே மாதிரியா படிக்கீங்க? ஒரு இடத்துல மூச்சைப் பிடிப்பீங்க. ஒரு இடத்துல நாடி வேகமா ஓடும். ஒரு இடத்துல முந்தின பக்கத்துக்கே திரும்பிப் போவீங்க. மோதிரம் அதை மட்டும்தான் பாக்குது. எந்தப் புத்தகம், எந்தப் பக்கம்னு புத்தகத்துக்குள்ள ஒட்டியிருக்க சில்லு சொல்லிரும். வேற ஏதோ ஊருல இதே மாதிரி நிக்கிற, இதே மாதிரி ஓடுற இன்னொரு ஆள் இருப்பாங்கள்ல, அவங்களைத் தேடிப் பிடிக்கும். அப்புறம் அவங்களுக்குப் பிடிச்சது இங்க வரும், இவங்களுக்குப் பிடிச்சது அங்க போகும். வேற பிரதி இல்ல சார். அவங்க கையில இருந்த அதே புத்தகம், நூலக வண்டியில வந்திரும்."

"இவ இத்தனை வருஷமா படிச்சது சண்டையும் கோட்டையும். அந்த ஆள் படிக்கது பாசி. எப்படிப் பொருந்துச்சு?"

"எந்தத் தெருவுல நடக்கோம்னு அது பாக்காது. நடையை மட்டும்தான் பாக்கும்." ரகுமத் நிஷா முக்காட்டைச் சரிசெய்துகொண்டார். "மேடம் சண்டைப் புத்தகத்துல எங்க நின்னாங்கன்னு நமக்கென்ன தெரியும்? ஒருவேளை சண்டையில நின்னிருக்க மாட்டாங்க."

கிங்ஸ்லி மேசை ஓரத்தில் கையை ஊன்றிக் குனிந்தான்.

"அந்த ஆள் ஆம்பிளையா, பொம்பிளையா?"

"எனக்கே தெரியாது சார். பேரு, ஊரு, வயசு எதுவும் வராது. சொல்லக் கூடாதுன்னு விதி. சொன்னா, படிக்கிறதை விட்டுட்டுப் பேச ஆரம்பிச்சிருவாங்கன்னு பயம்."

"சரி, என்னையும் அவளையுமே இணையாப் போட்டுரலாமே. வீட்டுக்குள்ள வேலை முடிஞ்சிரும். வண்டிச் செலவும் மிச்சம்லா?"

சிரித்துக்கொண்டேதான் கேட்டான். ரகுமத் நிஷா சிரிக்கவில்லை.

"ஒரே வீட்டு ஆளுகளைத்தான் சார் அது முதல்ல பொருத்திப் பாக்கும்" என்றார் மெதுவாக.

நாளைக்கு மழை வருமாம் என்று யாரோ சொன்னதைக் கேட்டது போலத் தலையாட்டிவிட்டு, கிங்ஸ்லி வண்டிச் சாவியைத் தேடினான். சாவி கையிலேயே இருந்தது.

*

கிணற்று வழக்குப் புத்தகத்தைப் பியூலா குளிக்கப் போயிருந்த நேரத்தில் எடுத்துப் புரட்டினான். அடிக்கோடு இல்லை, மடித்த மூலை இல்லை, பெயர் இல்லை. படிக்கிற ஆள் ஒழுங்கான ஆள். அதுவே எரிச்சலாக இருந்தது. புத்தகத்தின் முதுகைப் பிடித்து உதறியபோது தையல் இடுக்கிலிருந்து கறுப்பாக ஏதோ மேசையில் விழுந்தது. மிளகைவிடச் சின்னது, கோணல்மாணலானது. நகத்தால் நசுக்கி மூக்கருகே கொண்டுபோனான்.

ஏலக்காய் விதை. பெட்டியைத் திறக்காமலே உள்ளே கிராம்பா அவுரி இலையா என்று சொல்லிவிடுகிற மூக்கு அவனுடையது. புத்தகத்தை விரித்து முகத்தைப் புதைத்தான். பக்கத்துக்குப் பக்கம் மெலிதாக அந்த வாசம். டீக்கடை ஏலக்காய் இல்லை. மலையில், புகைக் கூடத்தில் உலர்த்திய புதுக் காய்.

அப்போதுதான் ஒன்று நினைவுக்கு வந்தது. புத்தகம் வந்ததும் பியூலா முதலில் செய்வது, அதை விரித்து மூக்கில் வைத்துக்கொள்வதுதான். புதுப் புத்தக ஆசை என்றே அதுவரை எண்ணியிருந்தான்.

போடியில் ஏலக்காய் வியாபாரம் செய்யும் சௌந்தரபாண்டியை போனில் கூப்பிட்டான்.

"உங்க பக்கம் நிறைய வாசிக்கிற ஆளு யாரும் இருக்காங்களாடே?"

"வாசிக்கிறதுன்னா? நாதஸ்வரமா அண்ணாச்சி?"

"புத்தகம்டே. பாசியைப் பத்தி, பூட்டைப் பத்தியெல்லாம் படிக்கிற ஆளு."

அந்தப் பக்கம் பலமான சிரிப்பு. "இங்க எவனும் விலைப்பட்டியலைத் தவிர ஒண்ணும் படிக்கதில்ல அண்ணாச்சி. எதுக்கு, யாரும் உங்க சரக்கை அடிச்சுட்டுப் போயிட்டானா?"

"ஆமா, அப்படித்தான்னு வச்சுக்கோ" என்று சொல்லி வைத்துவிட்டான்.

ஆளைக் கண்டுபிடிக்க முடியவில்லை. ஆனால் ஆள் இப்போது கண்ணுக்குத் தெரிய ஆரம்பித்துவிட்டான். மலைச்சரிவில் ஓட்டு வீடு. முழுக்கை ஸ்வெட்டர். அளவாகத் திருத்திய நரைத்த தாடி. தொப்பை கிடையாது. எதைப் பற்றியும் கொஞ்சம் தெரியும், எதையும் அலட்டிச் சொல்வதில்லை. பெண்கள் பேசும்போது குறுக்கே பேசாதவன். குளியலறைக் கண்ணாடி முன் கிங்ஸ்லி தன் வயிற்றை உள்ளிழுத்துப் பார்த்தான். மூச்சை விட்டதும் அது பழைய இடத்துக்கே வந்துவிட்டது.

அந்த வாரக் கடைசியில் அவன் திருநெல்வேலி போய் ஒரு புத்தகம் வாங்கிவந்தான். பாலைவனத்தில் தோற்றுப்போன ஒரு படையின் கதை. விலை அதிகம், கெட்டி அட்டை. பியூலா வாங்கி, நன்றி சொல்லி, அலமாரியில் வைத்தாள்.

"பிரிச்சுக்கூடப் பாக்கலையே."

"பாக்கேன். கையில இருக்கதை முடிச்சுட்டு."

"முன்னாடியெல்லாம் நான் குடுத்தா அன்னைக்கே ஆரம்பிச்சிருவ."

"முன்னாடி வேற ஒண்ணு இல்லையே கையில."

"அந்த ஆள் அனுப்புறதுதான் இனிமே வேதமா?"

பியூலா துணி மடிப்பதை நிறுத்தினாள். அவள் நர்சிங் கல்லூரியில் பாடம் எடுப்பவள். கத்திப் பேசும் பழக்கம் இல்லை.

"ஒண்ணு சொல்லட்டுமா? கோவப்படக் கூடாது. நீங்க குடுத்தது எல்லாத்தையும் படிச்சேன். ஒண்ணு பாக்கியில்லாம. முடிச்சேனா இல்லையான்னு நீங்க மூஞ்சியப் பாத்துக்கிட்டு நிப்பிய, அதுக்காகவே படிச்சேன். கப்பல் பேரையெல்லாம் மனப்பாடம் பண்ணுனேன். எனக்கு அந்தச் சண்டையில ஒரே ஒரு எடம்தான் பிடிச்சது. கப்பல் சமையக்காரன், மூழ்கப் போறது தெரிஞ்சும், ஊற வச்ச பயறை என்ன செய்யன்னு நிப்பான். ரெண்டே வரி. நான் அதுலயே ஒரு வாரம் இருந்தேன். அதை உங்ககிட்டச் சொன்னா நீங்க பீரங்கியைப் பத்தி ஆரம்பிச்சிருவிய."

"இதை ஏன் இத்தனை வருஷமா சொல்லல?"

"எனக்கே இப்பத்தானே தெரிஞ்சுது" என்றாள் பியூலா. "யாரோ ஒருத்தரு அதே எடத்துல நிக்காங்கன்னு தெரிஞ்சப்புறம்தான்."

அவன் கோபப்படவில்லை. கோபப்படக் கூடாது என்று அவள் முதலிலேயே கேட்டுக்கொண்டிருந்தாளே.

*

நர்சிங் கல்லூரியில் கையில் ஒரு பொட்டு நகை இருக்கக் கூடாது. மோதிரத்தில் கிருமி தங்கும் என்று மாணவிகளுக்குச் சொல்லிக்கொடுப்பவளே அவள்தான். அதனால் காலையில் கிளம்பும்போது திருமண மோதிரத்தையும் வாசிப்பு மோதிரத்தையும் கழற்றி, வாஷ்பேசின் மேல் உள்ள சோப்பு டப்பா மூடியில் வைத்துவிட்டுப் போவாள். இரண்டும் பக்கத்துப் பக்கத்தில் கிடக்கும். கிங்ஸ்லியின் கணக்கு எளிமையானது. அவளுடைய மோதிரத்தை அவன் போட்டுக்கொண்டு உலகத்திலேயே சப்பென்ற ஒரு புத்தகத்தைப் படிக்க வேண்டும். நாடி அசையாது, மூச்சு மாறாது. மலை வீட்டு ஆசாமியின் நடைக்கும் இவள் நடைக்கும் பொருத்தம் விட்டுப்போகும். பச்சை மஞ்சளாகும். அவ்வளவுதான். யாருக்கும் எந்தச் சேதமும் இல்லை.

உலகத்திலேயே சப்பென்ற புத்தகம் எது என்பதில் அவனுக்குச் சந்தேகமே இருக்கவில்லை. வேலை நிமித்தம் பாதி ஆயுளைத் தின்ற சுங்கத் தீர்வை அட்டவணை. அதில் சில்லு ஒட்டிய பிரதி வேண்டுமே. நூலகத்தில் பழைய பதிப்பு ஒன்று தூசி படிந்து கிடந்தது.

"மேடம் கார்டுலயா சார்?" என்று ரகுமத் நிஷா புருவத்தைத் தூக்கினார்.

"ஆமா. கேட்டா."

"மேடமா?"

"இப்ப எதைத்தான் கேக்கல அவ."

மோதிரம் அவன் சுண்டுவிரலில் பாதிவரைதான் ஏறியது. ஆபீசுக்குத் தாமதமாக வருவதாகச் சொல்லிவிட்டு, சாப்பாட்டு மேசையில் அவள் நாற்காலியில் உட்கார்ந்து முதல் பக்கத்திலிருந்து தொடங்கினான்.

தவறு அங்கேதான் நடந்தது. அந்தப் புத்தகத்தை அவன் ஆயிரம் தடவை திறந்திருக்கிறான், ஒரு தடவைகூடப் படித்ததில்லை. எண் தேடியிருக்கிறான், விகிதம் பார்த்து மூடியிருக்கிறான். முதலிலிருந்து வரிசையாக வாசித்தபோது அது வேறொன்றாக இருந்தது. உயிருள்ள விலங்குகளில் ஆரம்பித்தது. பிறகு இறைச்சி, பிறகு மீன், பிறகு பறவையின் இறகு, வெட்டிய மனிதத் தலைமுடி. உலகத்தில் மனிதன் ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குத் தூக்கிக்கொண்டு போகக்கூடிய அத்தனையும் ஒரு பெரிய ஊர்வலம் போல வந்துகொண்டிருந்தன. எல்லாம் முடிந்து கடைசி அத்தியாயத்தில் நூறு வருடத்தைத் தாண்டிய பழம்பொருள்கள். உயிரில் தொடங்கிப் பழசில் முடிகிறது. அதற்குச் சற்று முன்னால், ஊர் ஊராகப் போகும் சர்க்கஸுக்கு என்று தனியாக ஓர் எண் இருந்தது. கூடாரம், யானை, கோமாளியின் சட்டை எல்லாம் சேர்த்து ஒரே எண். இதை யார் உட்கார்ந்து யோசித்திருப்பார்கள்? சர்க்கஸ் எல்லையைத் தாண்டும்போது அதைப் பிரித்துப் பார்க்கக் கூடாது, மொத்தமாகத்தான் பார்க்க வேண்டும் என்று எந்த அதிகாரிக்குத் தோன்றியிருக்கும்?

கிங்ஸ்லி முந்தின பக்கத்துக்குத் திரும்பிப் போனான். மறுபடி வந்தான். சுண்டுவிரலில் பச்சை விளக்கு துடிப்பது அவன் கண்ணில் படவில்லை. ஆபீசுக்கு அன்றைக்கு அவன் போகவே இல்லை.

*

அட்டவணை நூலக வண்டியில் ஏறிப் போய்விட்டது. பதிலுக்கு ஒரு புத்தகம் வந்தது. பியூலா வழக்கம்போல முகர்ந்தாள், பிரித்தாள், நெற்றியைச் சுருக்கினாள்.

"சர்க்கஸ் கம்பெனில கூடாரம் பிரிக்கிறவரு எழுதுனது. எத்தனை கயிறு, எத்தனை முளை, எத்தனை லாரின்னு. இது என்னத்துக்கு எனக்கு வந்திருக்கு?"

அத்தனை ஆயிரம் எண்களில் அந்த ஆளும் அதே எண்ணில் நின்றிருக்கிறான். கிங்ஸ்லி நின்ற இடத்தில். மனிதர்கள் தன்னைப் பற்றி நல்லதாகச் சொல்லிக் கேட்டிருக்கிறான். இது அது இல்லை. யாரும் எதுவும் சொல்லவில்லை. இருட்டில் நடக்கும்போது பக்கத்தில் இன்னொரு காலடி அதே தாளத்தில் விழுவது போல இருந்தது.

நிறுத்தியிருக்கலாம். தான் நினைத்துவந்த காரியம் இது இல்லை என்று அவனுக்குத் தெரியும். ஆனால் மறுநாள் அவள் வாசல் கேட்டைச் சாத்தும் சத்தம் கேட்டதும் அவன் கை சோப்பு டப்பாவுக்குத்தான் போனது. கூடாரக்காரர் புத்தகத்தை இரண்டே காலைகளில் முடித்தான். அதன் வால் பிடித்து முடிச்சுகளைப் பற்றி ஒன்று வந்தது. பிறகு, கலங்கரை விளக்கங்களுக்கு மண்ணெண்ணெய் சுமந்தவர்களைப் பற்றி. பிறகு வானத்தில் தூசி எப்படித் தங்குகிறது என்று ஒரு விஞ்ஞானியின் சொற்பொழிவுகள். வாழ்க்கையில் இப்படியொரு புத்தகத்தை அவன் தூரத்திலிருந்துகூடப் பார்த்திருக்க மாட்டான். தன் மோதிரத்தைப் போட்டுக்கொண்டும் இப்போது படித்தான். கண்டதையும் படித்தான். ஸ்வெட்டரும் தாடியும் எப்போது மறைந்தன என்று அவனுக்கே தெரியாது. அந்த ஆள் ஆணா பெண்ணா என்பது இப்போது அவனுக்கு முக்கியமாகப் படவில்லை.

பியூலா தோசையைக் கருகவிடுவது நின்றுபோனது.

"அவங்களுக்கு வேற யாரையோ பிடிச்சுப்போச்சு" என்றாள் ஒருநாள், மீன் குழம்பைக் கிளறிக்கொண்டே.

"யாருக்கு?"

"என் இணைக்குத்தான். பாதிப் புத்தகம் எனக்குன்னு வரது இல்ல. யாருக்கோ அனுப்புற மாதிரி இருக்கு. யாரோ ஒரு ஆளு நடுவுல வந்திருக்கு. கயிறு, எண்ணெய், தூசி... எதையும் எண்ணிக்கிட்டே இருக்கிற ஆளு. எனக்கு அந்த ஆளைச் சுத்தமாப் பிடிக்கல."

"புத்தகம்தானே. விடு."

"நீங்க சொல்லுவிய." அவள் கரண்டியைத் தட்டில் வைத்தாள். "எனக்குன்னு ஒண்ணே ஒண்ணு இருந்துச்சு. அதுல வந்து பங்கு கேட்டா எப்படி இருக்கும்? உங்களுக்கு அது தெரியாது."

தெரியும் என்று சொல்ல அவன் வாய் வரை வந்தது.

அந்த வாரமே அவள் மோதிரத்தில் பச்சை மஞ்சளானது. பியூலா அவனையும் கூட்டிக்கொண்டு நூலகத்துக்குப் போனாள். ரகுமத் நிஷா திரையைப் பார்த்தார், மோதிரத்தைப் பார்த்தார், மறுபடி திரையைப் பார்த்தார்.

"பிரிச்சுவிட்டிருக்கு மேடம். நடை ரெண்டு மாதிரி வருதாம். காலையில ஒரு ஆளு, சாயந்தரம் ஒரு ஆளு மாதிரி. மோதிரத்தை வீட்டுல வேற யாரும் போட்டாங்களா?"

"எங்க வீட்டுலயா?" பியூலா சிரித்தேவிட்டாள். "இவரா? இவருக்கு அந்த மோதிரத்தைக் கண்டாலே ஆகாது."

ரகுமத் நிஷா கிங்ஸ்லியைப் பார்த்தார். அந்தப் பார்வையில் சுங்கத் தீர்வை அட்டவணை இருந்தது. "திரும்பத் தேடும் மேடம். ஆனா அதே ஆளு கிடைப்பாங்கன்னு சொல்ல முடியாது" என்று மட்டும் சொன்னார்.

வீடு திரும்பும்போது வண்டியின் பின்னால் பியூலா உட்கார்ந்திருக்கும் கனமே குறைந்துபோனது போலிருந்தது. வீட்டுக்குள் வந்து கிங்ஸ்லி சட்டைப்பையைத் துழாவியபோது அவனுடைய மோதிரம் விரலில் இடறியது. எடுத்தான். அது பச்சையாக இருந்தது.

*

அடுத்த புத்தகம் அவன் பெயருக்கு, நூலகத்தில் அவன் கொடுத்திருந்த ஆபீஸ் முகவரிக்கு வந்தது. உறையைப் பிரிக்கும் முன்பே ஏலக்காய் வாசம் தெரிந்துவிட்டது.

சலவைத் தொழிலாளர்கள் துணியில் போடும் குறிகளைப் பற்றிய புத்தகம். புள்ளி, கோடு, முக்கோணம். எந்த வீட்டுத் துணி என்று அடையாளம் காண அவர்கள் வைத்திருந்த ஒரு தனி எழுத்து. கிங்ஸ்லி மேசையில் கோப்புகளைத் தள்ளிவிட்டுப் படித்தான். நன்றாகத்தான் இருந்தது. ஆனால் நாலாவது அத்தியாயத்தில் ஓர் இடம் வந்தது. ஊரில் பெரிய பகையாளிகள் இரண்டு பேர். கோர்ட்டு, போலீஸ் எல்லாம் பார்த்தவர்கள். இருவர் வேட்டியும் ஒருநாள் மாறிப்போய்விடுகிறது. ஒருவன் வேட்டியில் மற்றவன் ஒரு வாரம் ஊரைச் சுற்றியிருக்கிறான். சலவைக்காரருக்கு மட்டும்தான் அது தெரியும். அவர் யாரிடமும் சொல்லவில்லை.

இங்கே பியூலா சிரிப்பாள் என்று கிங்ஸ்லிக்குத் தெரிந்தது. ஊகம் இல்லை. அவள் எந்த வார்த்தையில் மூச்சைப் பிடிப்பாள், எந்த இடத்தில் முகவாய் லேசாக உயரும், எல்லாம் தெரிந்தது. இத்தனை வருடம் பக்கத்தில் படுத்தும் தெரியாதது, முகம் தெரியாத ஒருவர் புத்தகங்கள் வழியாகச் சுற்றிக்கொண்டு வந்து இப்போது தெரிந்தது.

உடனே நூலகத்துக்குப் போய் உண்மையைச் சொல்லி, இணையை அவளிடமே திருப்பிக் கொடுத்துவிடலாம் என்று நினைத்தான். அன்று மத்தியானம்வரை நினைத்துக்கொண்டிருந்தான். பிறகு வேறு ஒன்று செய்தான். புத்தகத்தை ஆபீஸ் மொட்டை மாடியில் வெயிலில் விரித்து வைத்தான். தூத்துக்குடி வெயில், உப்புக் காற்று. இரண்டு நாளில் அவன் மூக்குக்கே வாசம் எட்டவில்லை. முதுகைப் பிடித்துப் பலமாக உதறினான். ஒன்றும் விழவில்லை.

சனிக்கிழமை மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு மேசையில் அதை அவள் பக்கமாகத் தள்ளினான்.

"என்னது?"

"நூலகத்துல பாத்தேன். உனக்குப் பிடிக்கும்னு தோணுச்சு."

பியூலா மரியாதைக்காகத்தான் பிரித்தாள். ஒரு பக்கம், இரண்டு பக்கம். எச்சில் கை காய்ந்துகொண்டிருந்தது. அவள் எழுந்துபோய்க் கழுவவில்லை. கிருமியைப் பற்றி ஊருக்கே பாடம் எடுப்பவள் அப்படியே உட்கார்ந்திருந்தாள். கிங்ஸ்லி தட்டுகளை எடுத்து வைத்தான், மேசையைத் துடைத்தான், எதிரே வந்து உட்கார்ந்தான். வேட்டி மாறுகிற இடம் வந்தது. அவன் நினைத்த அதே வார்த்தையில் அவள் சிரித்தாள்.

"ஏங்க," என்றாள் நிமிர்ந்து. கண்ணில் நீர் தளும்பியது. "நீங்களா எடுத்திய இதை? நிசமாவா?"

"பின்னே?"

"கல்யாணத்துக்கு முன்னாடி இருந்து குடுத்துக்கிட்டு இருக்கிய. இதுதான் நீங்க எனக்காக எடுத்த முதல் புத்தகம்."

அவன் இத்தனை நாளும் கேட்க ஏங்கிய வாக்கியம். அவள் பார்த்துக்கொண்டிருந்தது அவனைத்தான், ஆனால் அந்தப் பார்வைக்கு உரியவர் அவன் இல்லை. தன் வீட்டு மேசையில், தன் மனைவி முன்னால் உட்கார்ந்துகொண்டு, தன்மேல் விழும் பிரியத்தைப் பார்த்தே பொறாமைப்படுகிற நிலைமை எந்தப் புருஷனுக்கும் வந்திருக்காது.

பியூலா பக்கத்தைத் திருப்பினாள். முதுகு நன்றாக விரிந்து தையல் தெரிந்தது. அதிலிருந்து கறுப்பாக ஒன்று உருண்டு வந்து மேசைமேல் நின்றது.

இருவரும் அதைப் பார்த்தார்கள்.

அவள் அதை விரல்நுனியில் ஒற்றி எடுத்தாள். முகர்ந்து பார்க்கவில்லை. நாக்கில் வைத்து, முன்பல்லால் கடித்தாள். பிறகு அவனைப் பார்த்தாள். கை கழுவிவிட்டேன் மேடம் என்று பொய் சொல்லும் மாணவியை அவள் அப்படித்தான் பார்ப்பாள் என்று கிங்ஸ்லி நினைத்தான்.

"கயிறு, எண்ணெய், தூசி" என்றாள் பியூலா.

"பியூலா, நான் என்ன நெனச்சேன்னா..."

"உங்க மோதிரம் எங்க இருக்கு?"

சட்டைப்பையிலிருந்து எடுத்து மேசையில் வைத்தான். பச்சை விளக்கு துடித்துக்கொண்டிருந்தது. அவள் ஈரத்துணியால் கையைத் துடைத்துவிட்டு அதை எடுத்துப் போட்டுப் பார்த்தாள். அவளுக்கு அது பெரிதாக இருந்தது, கவிழ்த்தால் விழுந்துவிடும். தையல் டப்பாவைத் திறந்து, நூல் எடுத்து, மோதிரத்தின் அடிப்புறம் பொறுமையாகச் சுற்றி இறுக்கினாள். போட்டுக்கொண்டாள். புத்தகத்தை எடுத்தாள்.

"எனக்கு?" என்றான் கிங்ஸ்லி.

"நான் முடிச்சப்புறம்."

விளக்கு ஒருமுறை மங்கியது, மஞ்சளுக்குப் போய்விடும் போலத் தயங்கியது. அவன் மூச்சைப் பிடித்துக்கொண்டான். பியூலா முந்தின பக்கத்துக்குத் திரும்பிப் போய், வேட்டி மாறுகிற இடத்தை மறுபடி படித்தாள். முகவாய் லேசாக உயர்ந்தது. அவள் விரலில் பச்சை எரிந்தது, அவன் விரலில் ஒருநாளும் எரிந்திராத பிரகாசத்தோடு.